முகம் அறிந்தோம், பெயர் அறியோம்

திரைப்படத்தின் தலைவனையும் தலைவியையும் எவரும் பெயர் சொல்லி அழைப்பர். அவர்களைச் சூழ நிற்கும் கடைக்காரர், எழுத்தர், சமையற்காரர், ஊர்ப்பெரியவர் ஆகியோராக வருபவரை, ‘அந்தப் படத்தில் வருவாரே, அவர்தாம்’ என்றே குறிப்பிடுகிறோம். இவர்களையே குணச்சித்திர நடிகர் என்கிறோம். தமிழில் டி. எஸ். பாலையாவும் நாகையாவும் இவ்வகையில் புகழ்பெற்றனர். வங்கத்தில் முதலில் நினைவுக்கு வருபவர் துளசி சக்கரவர்த்தி.

நம் கிடர்பூரிலிருந்து வித்யாசாகர் பாலத்தில் ஹூக்ளி ஆற்றைக் கடந்தால் ஹவுராவின் சிப்பூர்ப் பகுதியை அடையலாம். அங்கேதான் அவர் எளிய வீடொன்றில் வாழ்ந்தார். 1899ஆம் ஆண்டு நதியா மாவட்டத்தில் பிறந்த அவர், இளமையில் அச்சகத்தில் எழுத்துக் கோத்தார். சர்க்கஸ் குழுவிலும் இருந்தார். பின்னர் ஸ்டார் நாடக அரங்கில் சேர்ந்து ஆடலும் பாடலும் கற்றார். 1932 முதல் திரைப்படங்களில் நடித்தார். அவர் நடித்த படங்கள் 300க்கும் மேற்பட்டவை. அவற்றுள் பல, ஓரிரு காட்சிகளில் முடிந்துவிடும் வேடங்களே.

1953இல் வெளிவந்த ‘சாரே சுவாத்தோர்’ படத்தில் அவர் விடுதி உரிமையாளராக வருகிறார். உத்தம் குமாரும் சுசித்ரா சென்னும் இணைந்து நடித்த முதற்படம் அது. ஆயினும், துளசியும் அவர் மனைவியாக நடித்த மலினா தேவியும் வரும் காட்சிகளையே பலர் இன்றும் சொல்லிச் சொல்லிச் சிரிக்கின்றனர்.

சத்யஜித் ராய் ‘பதேர் பாஞ்சாலி’யைப் பெரிய நிறுவனத்தின் துணையின்றி எடுக்கத் தொடங்கினார். கைப்பொருள் தீர்ந்து, மனைவியின் நகைகள் அடகுக்குப் போயின. இறுதியில் மேற்கு வங்க அரசின் பொருளுதவியால் படம் நிறைவுற்று 1955இல் வெளிவந்தது. புதுமுகங்கள் பலர் நடித்த அப்படத்தில் துளசி, மளிகைக்கடை நடத்தும் பள்ளி ஆசிரியராக வருகிறார். பொருளை நிறுத்துக் கொடுக்கிறார், வந்தவரோடு உரையாடுகிறார், இடையிடையே பாடமும் சொல்கிறார், பிரம்பும் கைக்கெட்டும் தொலைவில் இருக்கிறது. வேடிக்கையும் கொடுமையும் ஒரே முகத்தில் தோன்றுகின்றன. ஆசிரியராகிய எனக்கு அக்காட்சி சிரிப்போடு சிறிது நாணத்தையும் தருகிறது.

மூன்று ஆண்டுகளுக்குப் பின், ஏறத்தாழ 59 வயதில், ராய் அவருக்குத் தலைமை வேடம் தந்தார். படம் ‘பரஷ் பாத்தர்’. இரும்பைப் பொன்னாக்கும் பரிசவேதிக் கல் என்பது பொருள். வேலையிழக்கும் நிலையிலுள்ள வங்கி எழுத்தர் ஒருவருக்கு மழைநாளில் அக்கல் கிடைக்கிறது. கல்லின் ஆற்றல் உண்மையென உணரும்போது மகிழ்ச்சியும் அச்சமும் அழுகையும் அவர் முகத்தில் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு வருகின்றன. தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் நகை, அழுகை, மருட்கை, அச்சம், உவகை எனத் தனித்தனியே பிரித்துச் சொன்னவை இங்கே ஒரு நொடிக்குள் கலக்கின்றன. பேச்சு தேவைப்படவில்லை; அகலத் திறந்த அவ்விரு கண்களே போதுமாயின. கால்நூற்றாண்டுக் காலம் சிறு வேடங்களில் பயின்ற பயிற்சி அக்கண்களில் இருந்தது.

அப்படத்திற்குப் பின்னும் அவருக்கு வந்தவை பெரும்பாலும் சிறு வேடங்களே. 1961 டிசம்பரில், செல்வம் ஏதும் சேர்க்காமலே மறைந்தார். இந்நகரில் தொலைக்காட்சி ஒளிபரப்புத் தொடங்கியது 1975இல்தான். அவர் மறைந்த பிறகு பிறந்தவர்களும் வீட்டுக்கூடத்தில் அமர்ந்து அவரைக் கண்டு சிரிக்கின்றனர்.

சிந்தித்து எழுதுக

1. பள்ளிக் காட்சியில் வேடிக்கையும் கொடுமையும் ஒருங்கே தோன்றுவது எவ்வாறு?

2. நீங்கள் முகத்தால் மட்டும் அறிந்த நடிகர் ஒருவரின் பெயரைப் பெரியோரிடம் கேட்டறிந்து, அவர் நடித்த காட்சி ஒன்றைப் பத்து வரிகளில் எழுதுக.