அரிசி போனால் போகட்டும், வண்டியை விடாதீர்கள்

கேள்வி: காரியாபட்டியில் பலசரக்குக் கடை வைத்திருக்கிறேன். மதுரை கீழமாசி வீதியில் புழுங்கல் அரிசி வாங்கி, அருப்புக்கோட்டையில் மாவு அரைத்து விற்கும் ஒருவருக்கு மினி வேனில் 50 கிலோ மூட்டைகளாக அனுப்பினேன். வழியில் மறித்து, ரேஷன் அரிசிக் கடத்தல் என்று வண்டியோடு பிடித்துவிட்டார்கள். பில் கடையில் இருந்தது, டிரைவரிடம் இல்லை. இ-வே பில்லும் போடவில்லை. பழைய சாக்குகளில் அரசு முத்திரை வேறு. வேன், வாடகை வண்டி. கோர்ட்டில் மனுப் போட்டால் எல்லாவற்றையும் மீட்டுவிடலாம் என்கிறார்களே?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர், காரியாபட்டி

பதில்: இ-வே பில்லை நினைத்துப் பயப்பட வேண்டாம். 2022 ஜூலை 18 முதல் 25 கிலோ வரை லேபிள் ஒட்டிய அரிசிப் பைக்குத்தான் 5 சதவீத ஜி.எஸ்.டி. அதற்காகவே 26 கிலோ மூட்டைகள் கடைக்கு வந்த கதை உங்களுக்குத் தெரியாததா! வரியில்லாத சரக்குக்கு இ-வே பில் தேவையில்லை. உங்களை மாட்டிவிட்டது அந்தச் சாக்குதான்.

கோர்ட் யோசனை தவறு. இது 1955-ஆம் ஆண்டு அத்தியாவசியப் பொருட்கள் சட்டத்தில் வரும் வழக்கு. பறிமுதல் நடவடிக்கை நிலுவையில் இருக்கும்போது சரக்கையோ வண்டியையோ விடுவிக்கக் கீழ்க் கோர்ட்டுக்கு அதிகாரமில்லை என்று 6-இ பிரிவு சொல்கிறது. சட்டம் கலெக்டருக்குத் தந்திருக்கும் இந்த அதிகாரத்தை நம் மாநிலத்தில் செலுத்துபவர் மாவட்ட வருவாய் அலுவலர் (டி.ஆர்.ஓ.). ஆகவே விருதுநகர் கலெக்டர் ஆபீஸுக்குத்தான் நீங்கள் போக வேண்டும். அரிசியை இடைக்காலமாகக் கேட்டு அலையாதீர்கள். உரிமையாளரிடமே சரக்கைத் திருப்பித் தருவது இச்சட்டத்தில் இல்லை என்று ஷம்பு தயாள் அகர்வாலா வழக்கில் 1990-லேயே சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. கெட்டுப்போகும் சரக்கை அவர்களே விற்றுவிடலாம். கடைசியில் பறிமுதல் இல்லை என்று முடிவானால் விற்ற பணம் உங்களுக்கு வரும்.

வழக்கு நிற்பதும் விழுவதும் 6-பி பிரிவில் வரும் நோட்டீஸுக்கு நீங்கள் தரும் பதிலில்தான். காரணத்தை எழுத்தில் சொல்லாமல், உங்கள் விளக்கத்தைக் கேட்காமல் பறிமுதல் செய்ய முடியாது. அந்த நோட்டீஸுக்கு வாயால் பதில் சொல்லிவிட்டு வராதீர்கள். மொத்த வியாபாரியின் பில், பணம் அனுப்பிய வங்கிக் கணக்கு, உங்கள் இருப்புப் புத்தகம், மாவுக்காரரின் எழுத்து வாக்குமூலம் எல்லாவற்றையும் சேர்த்துக் கொடுத்து, ரசீது வாங்குங்கள். சாக்கு எங்கே விலைக்கு வாங்கியது என்பதையும் மறைக்காமல் சொல்லுங்கள். அரிசி மாதிரியைச் சோதிக்கச் சொல்லியும் கேளுங்கள். ரேஷன் அரிசியில் 100 கிலோவுக்கு ஒரு கிலோ வீதம் இரும்புச்சத்து ஏற்றிய செறிவூட்டிய மணிகள் கலக்கப்பட்டு வந்தன. உங்கள் மூட்டையில் அது இல்லையென்றால், அதுவும் உங்கள் பக்கம் ஒரு சாட்சியாகலாம். ஒன்றை மட்டும் செய்யாதீர்கள்: கையில் இருக்கும் பில் போதாதென்று முன்தேதி போட்டு இன்னொன்று வாங்குவது. அது அம்பலமானால் உண்மையான பில்லையும் யாரும் நம்ப மாட்டார்கள்.

வேன் விஷயத்தில் வண்டிக்காரரே தனியாக மனுக் கொடுக்க வேண்டும். தனக்கும் டிரைவருக்கும் தெரியாமல் நடந்தது, தேவையான எச்சரிக்கையும் எடுத்தோம் என்று நிரூபித்தால் வண்டியைப் பறிமுதல் செய்யக் கூடாது. நிரூபிக்க முடியாவிட்டாலும், வாடகை வண்டி என்பதால் பறிமுதலுக்குப் பதில் அபராதம் கட்டி மீட்கும் வாய்ப்பைத் தந்தே ஆக வேண்டும். அந்த அபராதம் பிடிபட்ட நாளின் அரிசிச் சந்தை விலையைத் தாண்டக் கூடாது. சில மூட்டை அரிசிக்கு முழு வண்டியை இழக்க வேண்டியதில்லை. மனுவைக் கிடப்பில் போட்டால் ஹைகோர்ட் மதுரைக் கிளை இருக்கிறது.

தூத்துக்குடி துறைமுகத்தில் இறங்கும் இறக்குமதிச் சரக்கு வைத்திருப்போர் இந்தப் பதிலைப் பின்பற்ற வேண்டாம். அது 1962-ஆம் ஆண்டு சுங்கச் சட்டம். அங்கே 110-ஏ பிரிவில் பத்திரமும் வங்கி உத்தரவாதமும் கொடுத்துச் சரக்கையே இடைக்காலமாக எடுக்கலாம்.

டி.ஆர்.ஓ. உத்தரவு பாதகமாக வந்தால் மேல்முறையீட்டுக்கு ஒரு மாதம்தான் அவகாசம். உத்தரவு கைக்கு வந்த தேதியிலிருந்து அது ஓடத் தொடங்கும். கவரைக் கிழித்து எறிந்துவிடாதீர்கள்.