கார்ட்டூன் பிறந்தது பட்டறையில்

நம்பிக்கைகளும் உண்மைகளும்

இருங்காட்டுக்கோட்டையில் 1998இல் ஹூண்டாய் கார் உற்பத்தி தொடங்கியது. 2010இல் ஒரகடத்தில் ரெனோ–நிசான் ஆலை வந்தது. ஸ்ரீபெரும்புதூர் வட்டாரத்தில் ஒரு தலைமுறையே தொழிற்சாலை வேலை தெரிந்து வளர்ந்துவிட்டது. அங்கே வேலை பார்க்கும் ஒருவரிடம் இந்தக் காரைச் செய்தது யார் என்று கேட்டால் ஒற்றைப் பெயரைச் சொல்ல மாட்டார். பிரஸ் ஷாப், பாடி ஷாப், பெயின்ட் ஷாப், அசெம்பிளி லைன் என்று எத்தனை கை மாறி அது வெளியே வருகிறது என்பது அவருக்கு அத்துப்படி. கார்ட்டூன் படத்தைக் கண்டுபிடித்தது யார் என்று கேட்டால் மட்டும் யோசிக்காமல் ஒரே பெயர் வந்து விழும்: வால்ட் டிஸ்னி. இந்தப் பதிலை ஒட்டியே வேறு சில தவறான நம்பிக்கைகளும் வளர்ந்திருக்கின்றன. கார்ட்டூன் படமும் காரைப் போலவே பல கைகள் சேர்ந்து செய்த பட்டறைப் பொருள்தான். அதை வளர்த்த பெரிய கண்டுபிடிப்புகளில் பலவும் வேலை செய்யும் முறையில் நடந்தவை. இதற்கான சான்றுகளை ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

நம்பிக்கை 1: கார்ட்டூன் படத்தைத் தொடங்கிவைத்தவர் டிஸ்னி, முதலில் பேசியது மிக்கி மவுஸ்.

உண்மை: மிக்கி மவுஸ் நடித்த 'ஸ்டீம்போட் வில்லி' நியூயார்க்கில் வெளியான நாள் 1928 நவம்பர் 18. அதற்கு 36 ஆண்டுகள் முன்பே, 1892 அக்டோபர் 28 அன்று, பாரிஸ் நகரின் கிரேவின் அருங்காட்சியகத்தில் எமில் ரெய்னோ என்பவர் கட்டணம் வாங்கிக்கொண்டு அசையும் ஓவியங்களைத் திரையில் காட்டினார். ஜெலட்டின் பட்டைகளில் கையால் வண்ணம் தீட்டிய நூற்றுக்கணக்கான சிறு ஓவியங்கள். துளையிட்ட நாடாவில் அவற்றைக் கோத்து, கையால் முன்னும் பின்னும் சுழற்றிக் கதை சொன்னார். லூமியர் சகோதரர்கள் அதே நகரில் கட்டணக் காட்சி நடத்தியது 1895 டிசம்பரில்தான். ஆக, திரையில் ஓவியம் அசைந்த பிறகுதான் புகைப்படம் அசைந்தது. 1908இல் எமில் கோல் சுமார் 700 ஓவியங்களைக் கொண்டு, இரண்டு நிமிடம்கூட ஓடாத 'ஃபான்டாஸ்மகோரி'யை உருவாக்கினார். முழுநீளக் கார்ட்டூன் படத்தின் கதையும் இதுவே. 1937இல் வந்த 'ஸ்னோ ஒயிட்'தான் முதல் படம் என்று பலர் சொல்வார்கள். 1917இலேயே அர்ஜென்டினாவில் கிரினோ கிறிஸ்தியானி அட்டை உருவங்களை வெட்டி நகர்த்தி 'எல் அப்போஸ்தல்' என்ற முழுநீள அரசியல் நையாண்டிப் படத்தை எடுத்துவிட்டார். அந்தப் படச்சுருள் இன்று இல்லை. இன்று நம் கையில் இருக்கும் மிகப் பழைய முழுநீள அனிமேஷன் படம், 1926இல் ஜெர்மனியில் லோட்டே ரைனிகர் என்ற பெண் நிழலுருவங்களால் ஆக்கிய 'இளவரசர் அக்மதின் சாகசங்கள்'. ஒலியும் அப்படியே. மேக்ஸ் ஃப்ளெய்ஷரும் அவர் தம்பி டேவும் 1924 முதலே ஒலியோடு கூடிய பாட்டுக் கார்ட்டூன்களை வெளியிட்டார்கள். அப்படியானால் டிஸ்னி ஒன்றுமே செய்யவில்லையா என்று கேட்கலாம். செய்தார். படம் தொடங்கி முடியும்வரை ஒவ்வோர் அசைவையும் தாளத்தோடு பிசகாமல் பொருத்தியதும், அதை ஒரு முறையாகவே நிலைநிறுத்தியதும் அவருடைய நிறுவனம். அந்தத் தாளக் கணக்குக்கு மெட்ரோனோம் வைத்து வழி கண்டவர் வில்ஃப்ரெட் ஜாக்சன். 'ஸ்டீம்போட் வில்லி'யின் பெரும்பகுதியை வரைந்தவர் அப் ஐவர்க்ஸ். டிஸ்னியின் பெருமையை ஒப்புக்கொள்ளும்போதே இந்த இரண்டு பெயர்களையும் சேர்த்துச் சொல்லாவிட்டால் வரலாறு முழுமையாகாது.

நம்பிக்கை 2: நன்றாக வரையத் தெரிந்த மேதை ஒருவர் இருந்தால் போதும், கார்ட்டூன் வந்துவிடும்.

உண்மை: மேதைமை மட்டும் போதாது என்பதற்கு வின்சர் மெக்கேயை விடச் சிறந்த சான்று கிடைக்காது. அவர் 1914இல் வெளியிட்ட 'கெர்ட்டி என்ற டைனோசார்' இன்று பார்த்தாலும் வியக்க வைக்கும்; அந்த விலங்கு மூச்சு விடுகிறது, அடம் பிடிக்கிறது, அழுகிறது. ஆனால் ஒவ்வொரு தாளிலும் கெர்ட்டியோடு பின்னணிப் பாறைகளையும் ஏரியையும் மறுபடி வரைய வேண்டியிருந்தது. ஜான் ஃபிட்ஸ்சிமன்ஸ் என்ற இளைஞர் உட்கார்ந்து, ஆயிரக்கணக்கான தாள்களில் அதே பாறையை அச்சுப்போல் பிரதி எடுத்தார். எவ்வளவு கவனமாகச் செய்தும் படத்தில் அந்தக் கோடுகள் மெல்ல நடுங்குவதைக் காணலாம். தாள்கள் இடம் மாறாமலிருக்க மெக்கே மூலைகளில் கூட்டல் குறி போட்டு வைத்தார். கணக்குப் போட்டுப் பார்த்தால் சிக்கல் எவ்வளவு பெரியது என்பது புரியும். 20 சென்டிமீட்டர் அகலமுள்ள ஓவியத்தை 6 மீட்டர் திரையில் காட்டினால் 30 மடங்கு பெரிதாகிறது. தாள் அரை மில்லிமீட்டர் விலகினால் திரையில் அது ஒன்றரை சென்டிமீட்டர் குதிக்கும். அடுத்த தாள் வேறு பக்கம் விலகினால் மொத்தப் படமும் உதறும். எத்தனை பெரிய ஓவியரானாலும் இந்த உதறலைத் திறமையால் போக்க முடியாது.

இதற்கு விடை கண்டவர் மான்ட்ரியாலிலிருந்து நியூயார்க் வந்த ரவூல் பாரே. எல்லாத் தாள்களிலும் ஒரே அளவில் துளையிட்டு, வரையும் மேசையிலும் கேமராவுக்கு அடியிலும் ஒரே இடைவெளியில் முளைகளை நிறுத்தி, தாள்களை அவற்றில் மாட்டினார். தாள் எத்தனை கை மாறினாலும் ஒரே இடத்தில்தான் உட்காரும். பாடி ஷாப்பில் கதவுப் பலகையை ஃபிக்சரில் ஏற்றும்போது லொக்கேட்டிங் பின் செய்கிற வேலையும் இதுதான். அந்த பின் மில்லிமீட்டருக்கும் கீழே தேய்ந்தாலே கதவு இடைவெளி எப்படி மாறும் என்பது அங்கே நிற்பவருக்குத் தெரியும். பாரேயின் முளை இல்லாவிட்டால் ஒருவர் வரைந்ததை இன்னொருவர் தொடர முடிந்திருக்காது. ஸ்டூடியோ என்ற ஒன்றே உருவாகியிருக்காது. அடுத்த பெரிய படி எர்ல் ஹர்டுடையது. 1914 டிசம்பரில் அவர் விண்ணப்பித்த காப்புரிமையின்படி, பின்னணியை ஒரே ஒரு முறை வரைந்து வைத்துவிட்டு, அசையும் உருவத்தை மட்டும் ஒளிபுகும் செல்லுலாய்டு தாளில் தீட்டி மேலே வைத்தால் போதும். ஃபிட்ஸ்சிமன்ஸ் ஆயிரக்கணக்கான முறை செய்த வேலை ஒரு முறையாகச் சுருங்கியது. கார்ட்டூன் தயாரிப்பாளர் ஜான் ராண்டால்ஃப் பிரே தம் காப்புரிமைகளோடு ஹர்டின் உரிமையையும் சேர்த்துக்கொண்டு, வேலையைக் கூறு கூறாகப் பிரித்துத் தொடர்ச்சியாகப் படங்களை வெளியிட்டார். ஹென்றி ஃபோர்டு தம் ஹைலண்ட் பார்க் ஆலையில் நகரும் அசெம்பிளி லைனை ஓடவிட்ட 1913ஆம் ஆண்டை ஒட்டித்தான் இதுவும் நடந்தது.

இந்த இடத்தில் நியாயமான மறுப்பு ஒன்று எழும். வேலையைக் கூறு போட்டால் கலை செத்துவிடாதா? பிரேயின் ஆட்கள் எடுத்த பல படங்கள் கெர்ட்டியின் அருகில்கூட வரவில்லை என்பது உண்மைதானே? உண்மைதான். ஆனால் மெக்கே பத்தாண்டுகளில் முடித்த படங்கள் ஏறத்தாழ பத்தே. ஒரு மேதையால் முடிந்த அளவு அது. அவர் கையில் இருந்த உயிரோட்டத்தை முழுநீளப் படத்துக்குக் கொண்டுபோக வேண்டுமானால் செல்லுலாய்டு தாளும் முளையும் வேலைப் பிரிவும் வேண்டியிருந்தன. 'ஸ்னோ ஒயிட்' அந்த அடித்தளத்தின் மேல்தான் நின்றது. கலையைக் கெடுத்தது வேலைப் பிரிவு என்று சொல்வதைவிட, அதில் யாருக்கு எந்த இடம் கிடைத்தது என்று கேட்பதே சரி. மையிட்டு வண்ணம் பூசும் பிரிவில் இருந்தவர்கள் அநேகமாக எல்லோரும் பெண்கள். 1938இல் டிஸ்னி நிறுவனத்துக்கு வேலை கேட்டு எழுதிய ஒரு பெண்ணுக்கு, படைப்பு வேலை முழுவதும் இளைஞர்களுக்கே, பெண்களுக்கு மையிடுவதும் வண்ணம் பூசுவதும் மட்டுமே என்று பதில் போனது. 1937இல் ஃப்ளெய்ஷர் ஸ்டூடியோவிலும் 1941இல் டிஸ்னி ஸ்டூடியோவிலும் ஊழியர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். ஊதியமும் அங்கீகாரமும் கேட்டு ஓவியர்கள் வாசலில் நின்ற வரலாறு, எந்தப் படத்தின் கதைக்கும் குறையாத முக்கியத்துவம் உடையது.

நம்பிக்கை 3: இந்தியாவுக்கு அனிமேஷன் கம்ப்யூட்டரோடுதான் வந்தது, அதில் தமிழ்நாட்டின் முதல் அடி 'கோச்சடையான்'.

உண்மை: தாதாசாகேப் பால்கே 1913இல் 'ராஜா ஹரிச்சந்திரா'வை வெளியிடும் முன்பே, 1912இல், ஒரு பட்டாணி விதை முளைத்துச் செடியாவதை இடைவெளி விட்டு ஒவ்வொரு ஃப்ரேமாகப் படம் பிடித்தார், அதைக் காட்டித்தான் பணம் போடுபவர்களுக்கு நம்பிக்கை ஊட்டினார். பிறகு தீக்குச்சிகளை நகர்த்தி ஆடவைத்தும் ஒரு குறும்படம் எடுத்தார். கல்கத்தாவின் நியூ தியேட்டர்ஸிலிருந்து 1934இல் குணமய் பானர்ஜியின் 'தி பீ பிரதர்ஸ்' வந்தது. சென்னையில் ஜெமினி ஸ்டூடியோ 1947இல் 'சினிமா கதம்பம்' என்ற கார்ட்டூன் குறும்படத்தைத் தயாரித்தது. 1956இல் பம்பாயில் ஃபிலிம்ஸ் டிவிஷன் கார்ட்டூன் பிரிவைத் தொடங்கியபோது, டிஸ்னியில் வேலை பார்த்த கிளேர் வீக்ஸ் வந்து பயிற்சி கொடுத்தார். ஜாதகக் கதை ஒன்றை வைத்து 'தி பானியன் டீர்' உருவானது. அந்தப் பட்டறையில் வளர்ந்தவர் ராம் மோகன். மிருணாள் சென்னின் 'புவன் ஷோம்', சத்யஜித் ராயின் 'ஷத்ரஞ்ச் கே கிலாடி' ஆகிய படங்களின் அனிமேஷன் பகுதிகள் அவர் கைவண்ணம். 1989இல் ஏவிஎம் எடுத்த 'ராஜா சின்ன ரோஜா'வில் ரஜினிகாந்தோடும் குழந்தைகளோடும் வரைந்த விலங்குகள் ஆடிய பாட்டை மறக்காதவர்கள் இன்றும் உண்டு. அந்த விலங்குகளும் அவர் குழுவின் வேலையே.

2014இல் வந்த 'கோச்சடையான்' நடிகரின் அசைவைப் பதிவு செய்து (மோஷன் கேப்சர்) உருவாக்கிய படம் என்பதால் அதுவே முதல் முயற்சி என்ற எண்ணம் பரவியது. நிஜ முகத்தை ஒத்த தோற்றத்துக்கு அது எடுத்துக்கொண்ட உழைப்பு தனியானது. அதைக் குறைத்துச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் 2000ஆம் ஆண்டிலேயே சென்னையின் பென்டாஃபோர் நிறுவனம் அமெரிக்கக் கூட்டாளியோடு சேர்ந்து, பாத்திரங்களை முழுக்க மோஷன் கேப்சர் முறையில் ஆக்கிய சின்பாத் படத்தை வெளியிட்டுவிட்டது. அந்த முறையின் பாட்டன் இன்னும் பழையவர். மேக்ஸ் ஃப்ளெய்ஷர் 1915இல் விண்ணப்பித்து 1917இல் காப்புரிமை பெற்ற ரோட்டோஸ்கோப்பில், தம்பி டேவைக் கோமாளி உடையில் ஆடவிட்டுப் படம் பிடித்து, அந்தப் படத்தைக் கண்ணாடிக்கு அடியிலிருந்து ஒவ்வொரு ஃப்ரேமாகக் காட்டி மேலே கோடு இழுத்தார். இன்னொரு பக்கம், நம் தோல்பாவைக்கூத்து இவை எல்லாவற்றுக்கும் மூத்தது, எனவே அனிமேஷனே நம்முடையது என்று வாதிடுபவர்களும் உண்டு. தோல்பாவைக்கூத்து அரிய கலை. ரைனிகரின் நிழலுருவங்களுக்கும் அதற்கும் உள்ள உறவு கண்கூடு. என்றாலும் கூத்தில் பாவை நம் கண் முன்னால் நிஜமாகவே அசைகிறது. அசைப்பவரின் கை அந்தக் கணத்தில் அங்கே இருக்கிறது. அனிமேஷனில் எங்குமே நடக்காத ஓர் அசைவு, அசையாத படங்களிலிருந்து பிறக்கிறது. இரண்டையும் ஒன்றாக்கினால் கூத்துக்கலைஞரின் திறமைதான் மறைந்துபோகும்.

நம்பிக்கை 4: இப்போதெல்லாம் எல்லாவற்றையும் கம்ப்யூட்டரே செய்துவிடுகிறது, பழைய முறைகள் தெரிந்து பயனில்லை.

உண்மை: பழைய ஸ்டூடியோவில் மூத்த ஓவியர் ஓர் அசைவின் முக்கியமான நிலைகளை மட்டும் வரைவார், நடுவில் வரும் படங்களை உதவியாளர்கள் நிரப்புவார்கள். மெக்கேயே இந்த முறையில் வேலை செய்தவர்தான். 1970களின் தொடக்கத்தில் கனடாவின் தேசிய ஆராய்ச்சிக் கழகத்தில் நெஸ்டர் பர்ட்னிக், மார்செலி வைன் என்ற இருவரும் அந்த நடுப்படங்களைக் கணினியைக் கொண்டு கணக்கிட்டார்கள். 1974இல் பீட்டர் ஃபோல்டெஸ் அதை வைத்து 'ஹங்கர்' என்ற குறும்படத்தை எடுத்தார். நடுப்படங்களைத் தந்தது இயந்திரம். எங்கே தொடங்கி எங்கே முடிய வேண்டும் என்று வரைந்தது ஃபோல்டெஸின் கை. வெல்டிங் ரோபாட்டுக்கு டீச் பென்டன்ட்டில் பாயின்ட் பதிவு செய்பவர் செய்வதும் இதே வேலைதான். அவர் புள்ளிகளைக் காட்டுகிறார். புள்ளிகளுக்கு இடையிலான பாதையைக் கன்ட்ரோலர் நிரப்புகிறது. புள்ளியைத் தப்பாக வைத்தால் எவ்வளவு விலை உயர்ந்த ரோபாட்டும் தப்பான இடத்தில்தான் பற்றவைக்கும். செயற்கை நுண்ணறிவு வந்த பிறகு இந்த வாதம் செல்லாது என்று சிலர் சொல்லக்கூடும். அந்த இயந்திரங்கள் கற்றுக்கொண்டதே மனிதக் கைகள் வரைந்து வைத்த படங்களிலிருந்து. எந்த அசைவு கனமாக இருக்க வேண்டும், எங்கே ஒரு கணம் நிற்க வேண்டும் என்று தீர்மானிப்பதற்கு, ஃப்ரேம் கணக்குத் தெரிந்த ஒருவர் இன்றும் தேவை.

இந்த நான்கு நம்பிக்கைகளுக்கும் வேர் ஒன்றே. கண்டுபிடிப்பு என்றால் ஒரு பெரிய ஆளின் தலையில் திடீரென்று உதிப்பது என்று நாம் பழகிவிட்டோம். அதனால்தான் முளையும் துளையும் கண்ணில் படுவதில்லை. பாறையை ஆயிரக்கணக்கான முறை வரைந்தவரும், வண்ணம் பூசிய பெண்களும் கணக்கில் வருவதில்லை. இது பழைய படங்களைப் பற்றிய பிழை மட்டுமென்றால் விட்டுவிடலாம். ஐடிஐயும் டிப்ளமாவும் படித்துவிட்டு லைனில் நிற்கும் இளைஞர்களும் விடுதிகளில் தங்கி ஷிஃப்டுக்குப் போகும் பெண்களும், புதிதாக ஒன்றைக் கண்டுபிடிப்பது தங்களுக்குச் சம்பந்தமில்லாதது என்று நம்பிவிடுவதுதான் இதனால் வரும் உண்மையான நட்டம். ஒரு தாளை அசையாமல் பிடித்து வைக்க வழி கண்டவரால்தான் ஒரு கலையே தொழிலாக நிமிர்ந்தது. அப்படிப்பட்ட பிரச்சினைகளைத் தினமும் கையால் தொட்டுத் தீர்ப்பவர்கள் இந்த வட்டாரத்தில் ஏராளம். பள்ளியிலும் ஐடிஐயிலும் டிஸ்னியின் பெயரோடு பாரே, ஹர்டு, ரைனிகர், ராம் மோகன் பெயர்களையும் சொல்லிக்கொடுக்க வேண்டும். அவர்கள் என்ன சிக்கலை எப்படித் தீர்த்தார்கள் என்பதையும் துளையிட்ட தாளும் இரண்டு முளையும் கொடுத்துச் செய்து பார்க்கவிட வேண்டும். அதற்கு ஆகும் செலவு மிகச் சொற்பம். தன் கைவேலையும் கண்டுபிடிப்பு ஆகலாம் என்று ஒரு பிள்ளைக்குத் தெரியவருவது அதைவிடப் பல மடங்கு மதிப்புள்ளது.