எழுவினா வனையும் நாள்

அன்புள்ள தம்பிக்கு,

'எழுவினாவை எப்படி வனைந்தால் என்ன ஐயா, சாட்சியமெல்லாம் முடிந்தபின் நீதிபதி முழு வழக்கையும் பார்த்துத்தானே தீர்ப்புச் சொல்வார்?' என்று கேட்டு எழுதியிருந்தாய். சீனியரின் வழக்குக் கட்டிலிருந்து நீ நகலெடுத்து அனுப்பியதையும் பார்த்தேன். 'வாதிக்குக் கோரியபடி நிரந்தர உறுத்துக்கட்டளைப் பரிகாரம் கிடைக்கத்தக்கதா? வேறு என்ன பரிகாரம் கிடைக்கத்தக்கது?' இரண்டே வரி. எனக்குக் கோபம்தான் வந்தது. கோரிக்கைப் பத்தியை அப்படியே எடுத்துக் கேள்விக்குறி போட்டு வைத்திருக்கிறார்கள்.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 14 விதி 1 என்ன சொல்கிறது? ஒரு தரப்பு வலியுறுத்தி மறுதரப்பு மறுக்கும் ஒவ்வொரு முக்கிய சங்கதிக்கும் தனி எழுவினா வேண்டும். வழக்குரையையும் எதிருரையையும் அருகருகே விரித்து, பத்தி பத்தியாகப் படித்து, ஒப்புக்கொண்டதை அடித்துவிட்டால் மிஞ்சுவதுதான் வழக்கு. உதாரணத்துக்கு ஒரு கடன் வழக்கில், கடனுறுதிச் சீட்டில் கையெழுத்து தன்னுடையதே என்று பிரதிவாதி சொல்லிவிட்ட பிறகு, கையெழுத்து யாருடையது என்று கேட்பானேன்? பணமே கைமாறவில்லை என்பது அவர் வாதம். பிரதிபலன் உண்டு என்று மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 118ஆம் பிரிவு தரும் அனுமானமோ அவருக்கு எதிராக நிற்கிறது. 'சீட்டு பிரதிபலன் இல்லாமல் எழுதிக்கொடுக்கப்பட்டதா?' என்று வனைந்தால், மெய்ப்பிக்கும் சுமை யார் தலையில் என்பது அந்த வரியிலேயே தெரிந்துவிடும். சுமையைக் காட்டாத எழுவினா பாதி எழுவினாதான். நண்பர்கள் இதை என் பிடிவாதம் என்பார்கள். நான் மாற்றிக்கொள்வதாக இல்லை.

உன் கட்டுக்கு வருவோம். தோப்பு தன் அனுபவத்தில் இருப்பதாக வாதி சொல்கிறார். பட்டா, அடங்கல், கிஸ்து ரசீதெல்லாம் வைத்திருக்கிறார். பிரதிவாதி அனுபவத்தை மட்டுமா மறுக்கிறார்? வாய்மொழிப் பாகப்பிரிவினையில் தன் தகப்பனாருக்கு வந்த சொத்து என்று உரிமையையே மறுக்கிறார். வாதியோ உரிமை விளம்புகைப் பரிகாரம் கேட்கவே இல்லை. அப்படியானால் எழ வேண்டியவை இவை: வழக்குத் தாக்கலான நாளில் வாதி அனுபவத்தில் இருந்தாரா? பிரதிவாதி சொல்லும் பாகப்பிரிவினை உண்மையா? விளம்புகை கோராமல் உறுத்துக்கட்டளை மட்டும் கேட்கும் வழக்கு நிலைக்கத்தக்கதா? 'பட்டா உண்மையானதா?' என்று ஒன்றைச் சேர்த்துவிடாதே. பட்டா சாட்சியம், அதற்கு இடம் சான்றாவணப் பட்டியல்.

இதற்காகவே 2008இல் உச்ச நீதிமன்றம் சொன்ன அனாதுல சுதாகர் தீர்ப்பை முதல் பக்கத்திலிருந்து படி. தலைக்குறிப்போடு நிறுத்திவிடாதே. அந்த உறுத்துக்கட்டளை வழக்கில் ஒரு வாய்மொழித் தானம் பற்றி வழக்குரையிலும் சொல்லவில்லை, எழுவினாவும் இல்லை. இரண்டாம் மேல்முறையீட்டில் உயர் நீதிமன்றம் அதற்குள் புகுந்து வாதிகளுக்குச் சாதகமாக முடிவு செய்தது. அந்தத் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. நான்கு நீதிமன்றம் ஏறி இறங்கிய வாதிகளை நினைத்துப் பார். வழக்குரை எழுதும்போதோ எழுவினா வனையும்போதோ யாராவது ஒருவர் விழித்துக்கொண்டிருந்தால், வழக்குரையைத் திருத்தி விளம்புகையும் கேட்டிருக்கலாம்.

எழுவினா விடுபட்டாலும் தீர்ப்பு கெடாது என்று நெடுனூரி காமேஸ்வரம்மா வழக்கைக் காட்டியிருக்கிறாய். 1962ஆம் ஆண்டுத் தீர்ப்பு. கர்ணிக ஊழிய இனாம் பற்றிய தகராறு அது. கிராமக் கணக்கு எழுதும் கர்ணத்தின் ஊழியத்துக்காக விடப்பட்ட மானியம் அது என்று தெரிந்துகொண்டு, அதைத் தேடிப் பழைய வருவாய்த்துறை நூல்களுக்குள் போனவன், வெகுநாள் வெளியே வரவில்லை. இனாம் வரலாறு தெரியாமல் நம் பக்கத்து நில வழக்கைப் புரிந்துகொள்வது கஷ்டம், நீயும் படி. ஆனால் அந்தத் தீர்ப்பு உனக்கு உதவாது. அங்கே எதிர்த்தரப்பின் வாதம் இன்னதென்று இருவருக்கும் முழுக்கத் தெரியும். அதன் மேலேயே இருவரும் சாட்சியம் விட்டிருந்தார்கள். அதனால்தான் குறை பொறுக்கப்பட்டது. உன் வழக்கில் பாகப்பிரிவினை பற்றி வாதி தரப்புச் சாட்சியிடம் ஒரு கேள்வியாவது கேட்கப் போகிறார்களா? எழுவினாவே இல்லையென்றால் எதற்குக் கேட்பார்கள்?

இன்னும் காலம் கடந்துவிடவில்லை. தீர்ப்பாணைக்கு முன் எப்போது வேண்டுமானாலும் எழுவினாவைத் திருத்தவும் சேர்க்கவும் நீக்கவும் கட்டளை 14 விதி 5 இடம் தருகிறது. வாதி தரப்பு முதல் சாட்சியின் முதல் விசாரணைப் பிரமாண வாக்குமூலம் தாக்கலாகும் முன்பே மனுவைப் போட்டுவிடு. பிறகு போட்டால் இழுத்தடிக்கிறார்கள் என்று ஆட்சேபிப்பார்கள். நீ வனையும் மூன்று எழுவினாக்களையும், ஒவ்வொன்றுக்கும் எந்தப் பத்தியில் வலியுறுத்தல், எந்தப் பத்தியில் மறுப்பு என்பதையும் எழுதி எனக்கு அனுப்பு. சீனியரிடமும் காட்டு.

அன்புடன்,
உன் ஆசிரியர்