குப்பையைப் பின்தொடர்ந்த கேமரா

கேள்வி: ஆவணப்படம் எடுத்து சுற்றுச்சூழல் அநீதியை அசைக்க முடியுமா?

பதில்: முடியும். சீனாவின் வாங் ஜியுலியாங் ஒரு சான்று. புகைப்படக் கலைஞரான அவர், 2008 முதல் பெய்ஜிங்கைச் சுற்றியிருந்த 400க்கும் மேற்பட்ட குப்பைமேடுகளைத் தேடித் தேடிப் பதிவுசெய்தார். அதுவே அவருடைய முதல் ஆவணப்படமானது.

அடுத்து, 2016இல் 'பிளாஸ்டிக் சைனா'. வெளிநாட்டுக் கழிவு வந்து குவியும் மறுசுழற்சிப் பட்டறையில் வாழும் இரு குடும்பங்களின் அன்றாடத்தைப் பொறுமையாகப் பின்தொடர்கிறது கேமரா. பள்ளிக்கூடம் போக ஏங்கும் 11 வயதுச் சிறுமி அங்கே பிளாஸ்டிக் பிரிக்கிறாள். பணக்கார நாடுகள் கழித்துக்கட்டியதன் புகையை யார் சுவாசிக்கிறார்கள் என்பது தானாகவே விளங்கிவிடுகிறது.

சீன இணையத்தில் வேகமாகப் பரவிய படம், பின்னர் நீக்கப்பட்டது. ஆனால் 2017இல் 24 வகைக் கழிவுகளின் இறக்குமதிக்குச் சீனா தடை அறிவித்தது. படம் மட்டுமே காரணமல்ல. விவாதத்தைச் சூடாக்கியதில் அதற்குப் பங்குண்டு. தடைக்குப் பின் மலேசியா, தாய்லாந்து, வியட்நாம் பக்கம் திரும்பின கழிவுக் கப்பல்கள். இத்தகைய கேமராக்கள் இப்போது அங்கே தேவைப்படுகின்றன.