ரெண்டு கம்பெனியை ஒண்ணாக்குறீங்களா? லைசென்ஸை மறந்துடாதீங்க!

அண்ணன் பேர்ல ஒரு கம்பெனி, தம்பி பேர்ல ஒரு கம்பெனின்னு நடத்திட்டு, பிறகு ரெண்டையும் ஒண்ணாக்க முடிவெடுக்கிற குடும்பங்கள் நம்ம ஊர்ல நிறைய. இணைப்பு ஆர்டர் கைக்கு வந்ததும் வேலை முடிஞ்சதுன்னு நினைச்சுடாதீங்க, தங்கச்சிகளா. சொத்து, கடன், வழக்கு எல்லாம் அந்த ஆர்டரோட புது கம்பெனிக்கு வந்துடும். லைசென்ஸுக்கு அது மட்டும் போதாது. கொடுத்த துறையும் தன்னோட பதிவுல பேரை மாத்தணும். துறைக்குத் துறை விதியும் வேற, கெடுவும் வேற. அதனால பழைய கம்பெனி உயிரோட இருக்கும்போதே வேலையைத் தொடங்குங்க.

1. முதல்ல பட்டியல்

லைசென்ஸ் நம்பர், யார் பேர்ல, எந்த முகவரிக்கு, எப்ப காலாவதி, எந்த ஆபீஸ்னு ஒரு ஷீட்ல எழுதுங்க. பக்கத்துலயே, ‘தகவல் சொன்னா போதும்’, ‘பேர் மாற்றணும்’, ‘புதுசா வாங்கணும்’னு மூணா பிரிச்சுக்கோங்க. கரன்ட் கனெக்‌ஷன், வண்டி ஆர்.சி., டிரேட்மார்க் எல்லாம் இதுல வரணும். சீக்கிரம் காலாவதி ஆகுறதை இணைப்புக்கு முன்னாடியே புதுப்பிச்சுடுங்க.

2. ஸ்கீம்லயே எழுதி வாங்குங்க

இணைப்புத் திட்டத்துல ‘எல்லா உரிமங்களும், அனுமதிகளும் புது கம்பெனிக்குச் சேரும்’னு ஒரு பத்தி கட்டாயம் இருக்கணும். நீங்க போட்ட பட்டியலையும் பின்னிணைப்பா சேர்க்கச் சொல்லி ஆடிட்டர்கிட்ட கேளுங்க. ஆபீஸ்ல கேள்வி வந்தா அந்தப் பக்கத்தைக் காட்டலாம்.

3. 30 நாள் கெடு

தேசிய கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயம் கொடுக்கிற இணைப்பு ஆர்டரோட சான்றிட்ட நகல் கிடைச்ச 30 நாளுக்குள்ள ஐ.என்.சி.-28 படிவத்துல கம்பெனிப் பதிவாளர்கிட்ட (ஆர்.ஓ.சி.) தாக்கல் பண்ணணும். ஒவ்வொரு துறையும் நகல் கேட்கும். அதனால கூடுதலாவே வாங்கி வைங்க. சின்ன கம்பெனிகளா இருந்தா, 2013 கம்பெனிச் சட்டம் 233-வது பிரிவுல தீர்ப்பாயத்துக்குப் போகாம ரீஜனல் டைரக்டர் வழியா முடிக்கிற வசதியும் இருக்கு.

4. ஜி.எஸ்.டி.யில அவசரம் வேண்டாம்

பழைய நம்பர் புது கம்பெனிக்கு வராது. பழைய கம்பெனி பதிவு பண்ணியிருந்த மாநிலத்துல புது கம்பெனிக்கும் பதிவு இருக்கான்னு முதல்ல பாருங்க. மிச்சமிருக்கிற இன்புட் கிரெடிட்டை ஐ.டி.சி.-02 படிவத்துல மாத்தணும், அதுக்கு சி.ஏ. சான்றிதழ் வேணும். புது கம்பெனி போர்ட்டல்ல அதை ஏத்துக்கிட்டாத்தான் கிரெடிட் வந்து சேரும். இது முடிஞ்ச பிறகுதான் பழைய பதிவை ரத்து செய்ய விண்ணப்பிக்கணும். அப்புறம் ஜி.எஸ்.டி.ஆர்.-10 இறுதி ரிட்டர்னையும் விட்டுடாதீங்க.

5. மருந்து வியாபாரம்னா மூணு மாசம்

நிறுவனத்தோட அமைப்பு மாறினா, பழைய மருந்து லைசென்ஸ் அதிகபட்சம் மூணு மாசம்தான் செல்லும். அதுக்குள்ள புது லைசென்ஸ் கையில இருக்கணும். இணைப்புத் தேதி தெரிஞ்சதுமே விண்ணப்பத்தைத் தயார் பண்ணுங்க.

6. உணவுப் பொருள்னா கவரைப் பாருங்க

பாக்கெட்ல இருக்கிற 14 இலக்க எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. (உணவுப் பாதுகாப்பு) லைசென்ஸ் நம்பரும் கம்பெனி பேரும் மாறும்னா, அச்சடிச்ச கவர் எல்லாம் வீணாகலாம். இணைப்புப் பேச்சு ஆரம்பிச்சதுமே மொத்தமா கவர் அடிக்கிறதை நிறுத்துங்க. தேவைக்கு மட்டும் அடிங்க.

7. ஆலைன்னா தனித்தனிக் கதவு

சுற்றுச்சூழல் அனுமதியை மாத்த, பழைய கம்பெனியோட ஆட்சேபனை இல்லைங்கிற கடிதம் கேட்பாங்க. கம்பெனி கலைஞ்ச பிறகு கையெழுத்துப் போட யார் இருப்பாங்க? முன்னாடியே லெட்டர்ஹெட்ல வாங்கி வைங்க. மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தோட கன்சென்ட், தொழிற்சாலை உரிமம் ரெண்டுக்கும் தனித்தனியா விண்ணப்பிக்கணும்.

8. பழசைக் கடைசியா விடுங்க

புது லைசென்ஸ் கைக்கு வராம பழசைச் சரண்டர் பண்ணாதீங்க. விண்ணப்பம் கொடுத்த ரசீதையெல்லாம் ஒரே ஃபைல்ல வைங்க. அதிகாரி வந்து கேட்டா அதுதான் உங்களுக்குத் துணை.

கடைசியா ஒண்ணு: இந்தப் பட்டியலை ‘எல்லாரும் பார்த்துக்குவோம்’னு விடாதீங்க. ஒரே ஒருத்தர்கிட்ட பொறுப்பைக் கொடுத்து, வாராவாரம் கேளுங்க. லைசென்ஸ் இல்லாம ஒரு நாள் கதவு மூடினாலும் அடிபடுறது அங்கே வேலை பார்க்கிறவங்க சம்பளம்தான். அவங்களுக்காகவாவது இன்னைக்கே அந்த ஷீட்டை எழுத ஆரம்பிங்க.