தடுமாறாத கடிகாரம்

கார்டன் ரீச்சில் வாழும் நமக்குக் கப்பலின் ஊதொலி புதிதன்று. ஹூக்ளி ஆற்றங்கரையில் போர்க்கப்பல் கட்டும் தளம் இருக்கிறது; சற்றுத் தொலைவில் தென்கிழக்கு இரயில்வேயின் தலைமை அலுவலகம் இருக்கிறது. கப்பலுக்கும் தொடர்வண்டிக்கும் நம்பத்தக்க கடிகாரம் வேண்டும். எந்தக் கடிகாரத்தை நம்பலாம்? சரியான நேரம் காட்டுவதை என்று உடனே விடை சொல்லத் தோன்றும். மாலுமிகள் அவ்வாறு சொல்லமாட்டார்கள்.

அறிவியல் புனைகதைகளில், காலமே ஒரு நாள் விரைந்தும் மறுநாள் தயங்கியும் ஓடும் உலகங்களைக் காண்கிறோம். அவ்வுலகத்து அறிஞர்கள் அத்தடுமாற்றத்தை அளக்க ஓர் அளவையும் வைத்திருப்பர். அதை ஒத்த அளவை நம் உலகிலும் உண்டு. அது கடிகாரத்தின் தடுமாற்றத்தை அளக்கிறது.

நடுக்கடலில் செல்லும் கப்பல் எந்தத் தீர்க்கக்கோட்டில் இருக்கிறது என்பதை அறியக் கடிகாரம் உதவியது. பூமி ஒரு பாகை சுழல 4 நிமிடம் ஆகிறது. ஆகவே கடிகாரம் 4 வினாடி பிழைத்தால், நிலநடுக்கோட்டருகே கப்பலின் இடம் ஏறத்தாழ 1.85 கிலோமீட்டர் பிழைபடும். 40 வினாடி பிழைத்தால் 18 கிலோமீட்டருக்கும் மேல். ஹூக்ளியின் முகத்துவாரத்தில் மணல்திட்டுகள் மிகுதி; அங்கே இத்தகைய பிழை கப்பலையே இழக்கச் செய்யும்.

இரண்டு கடிகாரங்களைக் கருதுவோம். முதலாவது நாள்தோறும் தவறாமல் 10 வினாடி முந்துகிறது. இரண்டாவது முதல் நாள் 2 வினாடி முந்துகிறது. அடுத்த நாள் 3 பிந்துகிறது. பின்பு 4 முந்துகிறது. அதன்பின் 1 பிந்துகிறது. ஐந்தாம் நாள் 2 பிந்துகிறது. கூட்டிப் பாருங்கள்: ஐந்து நாள் முடிவில் அதன் பிழை சுழி! ஆயினும் தேர்ந்த மாலுமி முதலாவதையே எடுத்துச் செல்வான். முப்பதாம் நாள் அதிலிருந்து 300 வினாடியைக் கழித்தால் சரியான நேரம் கிடைத்துவிடும். இரண்டாவது ஆறாம் நாள் என்ன செய்யும் என்பதை யார் அறிவார்?

ஜான் ஹாரிசன் என்னும் ஆங்கிலேயத் தச்சர் உருவாக்கிய கடற்கடிகாரம் 1761ஆம் ஆண்டு ஜமைக்காத் தீவுக்குப் பயணம் செய்தது. அது நாள்தோறும் ஏறத்தாழ 2.7 வினாடி பிந்தும் இயல்புடையது. அதைக் கணக்கில் கொண்டபின், 81 நாளில் எஞ்சிய பிழை ஏறத்தாழ 5 வினாடிதான். தச்சர் ஒருவர் செய்த கருவி இது என்பது இன்றும் வியப்பளிக்கிறது.

கடிகாரம் தடுமாறுகிறதா என்பதைக் கண்டறிய அக்காலத்தில் விண்மீன்களே துணை. ஒரு விண்மீன் உச்சிக்கோட்டைக் கடக்கும் கணத்தை இரவுதோறும் கடிகாரத்தோடு ஒப்பிடுவர். பார்க்கும் கருவியே அசைந்தால் ஒப்பீடு பயனற்றுப் போகும். ஆகவேதான் 1792இல் சென்னை வானாய்வகத்தில் பெரிய கருங்கல் தூணை நிறுத்தி, அதன்மேல் கருவியைப் பொருத்தினர். அத்தூணில் தமிழ்க் கல்வெட்டும் உண்டு. நுங்கம்பாக்கத்து வானிலை ஆய்வு மைய வளாகத்தில் அது இன்றும் நிற்கிறது. ஊருக்குச் செல்லும்போது கேட்டுப் பாருங்கள்.

அந்நாளில் சென்னைக்கும் கொல்கத்தாவுக்கும் தனித்தனி நேரம் இருந்தது. கொல்கத்தா நேரம் ஏறத்தாழ 32 நிமிடம் முந்தியது. 1906இல் இந்தியப் பொதுநேரம் வந்த பின்னும் கொல்கத்தா நெடுங்காலம் தன் நேரத்தைக் கைவிடவில்லை. இவ்வேறுபாடு தொல்லை தந்தது. ஆயினும் என்றும் மாறாததாகையால், கூட்டியோ கழித்தோ சரிசெய்ய முடிந்தது.

தடுமாற்றத்தை ஓர் எண்ணாகச் சொல்லும் முறையை 1966இல் அமெரிக்க இயற்பியலாளர் டேவிட் ஆலன் வெளியிட்டார். அடுத்தடுத்த நாள்களின் பிழைகளுக்கு இடையேயுள்ள வேறுபாட்டைக் காண்க. அவற்றின் வர்க்கங்களின் சராசரியைப் பாதியாக்குக. நம் இரண்டாம் கடிகாரத்தில் வேறுபாடுகள் 5, 7, 5, 1. வர்க்கங்களின் கூடுதல் 100, சராசரி 25, பாதி 12.5. முதற் கடிகாரத்துக்கோ சுழி. இன்றும் அணுக்கடிகாரங்களை இவ்வளவையால் மதிப்பிடுகின்றனர்.

1967முதல் சீசியம் அணுவின் 9,192,631,770 அதிர்வுகளே ஒரு வினாடி என வரையறுக்கப்பட்டது. புதுதில்லியிலுள்ள தேசிய இயற்பியல் ஆய்வகம் அணுக்கடிகாரங்களைக் கொண்டு இந்திய நேரத்தைப் பேணுகிறது. அணுக்கடிகாரத்தோடு ஒப்பிட்டால் நம் பூமியே தடுமாறும் கடிகாரம்தான். அதன் சுழற்சி சீரானதன்று. அதற்கு ஈடாக, 2017 சனவரி 1 அன்று நம் நாட்டில் காலை 5 மணி 29 நிமிடம் 59 வினாடிக்குப் பின் ஒரு வினாடி கூடுதலாகச் சேர்க்கப்பட்டது. நம்மில் பலர் அப்போது உறங்கிக்கொண்டிருந்தோம்.

அருஞ்சொற்பொருள்: சுழி – பூச்சியம், பேணுதல் – காத்தல், முகத்துவாரம் – ஆறு கடலில் கலக்குமிடம்.

பயிற்சி
1. மாலுமி முதற் கடிகாரத்தைத் தேர்ந்தெடுப்பது ஏன்?
2. கருவியைக் கருங்கல் தூணின்மேல் பொருத்தியதன் காரணம் யாது?
3. உங்கள் வீட்டுச் சுவர்க்கடிகாரத்தை ஆறு நாள் ஒரே வேளையில் கைப்பேசி நேரத்தோடு ஒப்பிட்டு, ஒவ்வொரு நாளும் எத்தனை வினாடி முந்தியது அல்லது பிந்தியது எனக் குறிக்க. ஆலன் முறையில் அதன் தடுமாற்றத்தைக் கணக்கிடுக.