ஹஃப்மன் வகுத்த சுருக்கக் குறியீடு

தந்திச் செய்திகளை அனுப்பப் பயன்பட்ட மோர்ஸ் முறையில், ஆங்கிலத்தில் மிகுதியாக வரும் ‘ஈ’ என்ற எழுத்துக்கு ஒரே புள்ளி அடையாளமாக அமைந்தது. அரிதாக வரும் எழுத்துகளுக்கு நீண்ட அடையாளங்கள் தரப்பட்டன. இந்தியாவில் தந்திச் சேவை 2013 ஜூலையில் முடிவுற்றது. ஆயினும் ‘அடிக்கடி வருவதற்குக் குறுகிய குறி, அரிதாக வருவதற்கு நீண்ட குறி’ என்னும் கொள்கை இன்றும் கணிப்பொறிகளிலும் கைப்பேசிகளிலும் பயன்பட்டு வருகிறது. அதற்குச் செம்மையான கணித வழி கண்டவர் டேவிட் ஹஃப்மன் என்னும் அமெரிக்க அறிஞர் ஆவார்.

வாழ்க்கையும் கண்டுபிடிப்பும்

ஹஃப்மன் 1925-ஆம் ஆண்டு ஒஹையோ மாநிலத்தில் பிறந்தார். பதினெட்டாம் வயதிலேயே ஒஹையோ அரசுப் பல்கலைக்கழகத்தில் மின்பொறியியற் பட்டம் பெற்றார். பின்னர்க் கடற்படையில் ரேடார் கருவிகளைப் பராமரிக்கும் அதிகாரியாகப் பணியாற்றினார். 1951-இல் மாசாசூஸெட்ஸ் தொழில் நுணுக்கக் கழகத்தில் ராபர்ட் ஃபானோ என்ற பேராசிரியரிடம் தகவற் கொள்கை பயின்றார். இறுதித் தேர்வு எழுதலாம், அல்லது ஆய்வுக் கட்டுரை ஒன்று அளிக்கலாம் என்று பேராசிரியர் மாணவர்களுக்குக் கூறியிருந்தார். ஹஃப்மன் கட்டுரையைத் தேர்ந்தெடுத்தார். மிகச் சிக்கனமான குறியீட்டை அமைக்கும் வழி யாது என்பதே வினா. ஃபானோவும், தகவற் கொள்கையின் தந்தையான ஷானனும் இதில் முயன்று முழு விடை காணவில்லை என்பதை ஹஃப்மன் அறியார்.

பல மாதங்கள் முயன்றும் பலன் கிட்டாமையால், குறிப்புகளை எறிந்துவிட்டுத் தேர்வுக்குப் படிக்கத் தொடங்கும் நிலைக்கு அவர் வந்தார். அவ்வேளையில்தான் வழி புலப்பட்டது. முன்னோர் செய்திகளை மேலிருந்து கீழாகப் பிரித்துக்கொண்டு வந்தனர். அவரோ மிக அரிதானவற்றைக் கீழிருந்து இணைத்துக்கொண்டு சென்றார். அக்கட்டுரை 1952-இல் வானொலிப் பொறியாளர் கழகத்தின் இதழில் வெளியாயிற்று.

செய்முறை

ஆசிரியர்கள் இதனைக் கரும்பலகையில் எளிதாக விளக்கலாம். ஒரு மழைமானி நிலையத்தின் 100 நாள் அறிக்கைகளில் மழையின்மை 70, தூறல் 15, மிதமழை 10, கனமழை 5 எனக் கொள்வோம். நான்கு வகைச் செய்திகளுக்கும் சம நீளமுள்ள குறி தந்தால், ஒவ்வொன்றுக்கும் இரண்டு இலக்கம் வேண்டும். மொத்தம் 200 இலக்கங்கள்.

ஹஃப்மன் முறைப்படி, மிகச் சிறிய இரு எண்களான 5-ஐயும் 10-ஐயும் இணைக்க 15 வரும். அதனைத் தூறலின் 15-உடன் இணைக்க 30 வரும். அதனை 70-உடன் இணைக்க 100 வரும். இணைப்புகளை மரத்தின் கிளைகள் போல் வரைந்து, ஒவ்வொரு கவையிலும் ஒரு கிளைக்கு 0, மற்றதற்கு 1 என இடுக. மழையின்மை 0, தூறல் 10, மிதமழை 110, கனமழை 111 எனக் குறிகள் கிடைக்கும். மொத்தம் 70 + 30 + 30 + 15 = 145 இலக்கங்கள்; மிச்சம் 55. செய்தி ஒவ்வொன்றுக்கும் தனித்தனிக் குறி தரும் இவ்வகை முறைகளில் இதனினும் சிக்கனமானது இல்லை என்று ஹஃப்மன் நிறுவினார்.

எந்தக் குறியும் மற்றொரு குறியின் தொடக்கமாக அமைவதில்லை. ஆதலால் மோர்ஸ் முறையிற்போல் இடைவெளி விட வேண்டுவதில்லை. 00101110 என்பதை மாணவர்கள் பிரித்துப் பார்க்கட்டும். 0, 0, 10, 111, 0 என்ற ஒரே விடைதான் கிடைக்கும். செய்தியில் எதுவும் இழக்கப்படுவதில்லை.

கவனிக்க வேண்டியவை

இச்சிக்கனம் நிகழ்வெண்ணைச் சரியாக அறிந்திருப்பதைப் பொறுத்தது. மழைக்காலத்து 100 நாள்களில் அவ்வெண்கள் முறையே 20, 20, 30, 30 என மாறினால், பழைய குறிகளுக்கு 240 இலக்கங்கள் தேவைப்படும். சம நீளக் குறிகளே மேலாகிவிடும். ஆகவே முதலில் கூர்ந்து எண்ணி, பின்னரே அட்டவணை வகுத்தல் வேண்டும். மேலும், வழியில் ஓர் இலக்கம் பிறழ்ந்தால் அடுத்து வரும் குறிகளையும் தவறாகப் பிரிக்க நேரிடலாம். பிழை காணும் ஏற்பாடு உடனிருத்தல் நலம்.

பிற்காலம்

1953-இல் டாக்டர் பட்டம் பெற்ற ஹஃப்மன், அக்கழகத்திலேயே ஆசிரியரானார். 1967-இல் கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் சாந்தா குரூஸ் வளாகத்திற்குச் சென்று, அங்குக் கணிப்பொறியியல் துறை உருவாக உதவினார். காகித மடிப்பின் கணிதத்தையும் ஆராய்ந்தார். 1994-இல் ஓய்வு பெற்று, 1999-இல் காலமானார். தம் குறியீட்டு முறைக்கு அவர் காப்புரிமை பெறவில்லை.

1977-இல் இஸ்ரேல் நாட்டு அறிஞர்களான ஸிவ், லெம்பெல் இருவரும், நிகழ்வெண்ணை முன்னதாக அறியாமலே, திரும்ப வரும் தொடர்களைக் கொண்டு சுருக்கும் வழியை வெளியிட்டனர். கோப்புகளைச் சுருக்கும் ‘ஜிப்’ முறையில் இவ்விரு வழிகளும் இணைந்துள்ளன. ஜேபெக் படங்களிலும் எம்பி3 ஒலிக்கோப்புகளிலும் சுருக்கத்தின் இறுதிப் படியாக ஹஃப்மன் குறியீடு இடம்பெறுகிறது. மாணவர்கள் தத்தம் பாடநூலின் ஒரு பக்கத்தில் எழுத்துகளை எண்ணி, இவ்வாறே ஒரு மரம் வரைந்து பார்ப்பது நல்ல பயிற்சியாகும்.